ஆட்டமும் கூலியும்

மாணவச் செல்வங்களே! மன்னர்கள் நடத்திய போர்களை வரலாறு என்று படிக்கிறீர்கள். ஒரு தொழிலாளி இழந்த அரை நாட் கூலியும் வரலாற்றைத் திருப்பியதுண்டு. அதனையே இன்று கூற விழைகிறேன்.

இங்கிலாந்தின் வடபகுதி நிலக்கரிச் சுரங்கங்களும் ஆலைகளும் நிறைந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் அங்குள்ள தொழிலாளர் ரக்பி ஆட்டத்தில் சிறந்து விளங்கினர். முட்டை வடிவப் பந்தைக் கையிலேந்தி ஓடுவதும், ஓடுவோனைப் பற்றி வீழ்த்துவதுமே அவ்வாட்டம். சடுகுடு ஆடிய உங்களுக்கு அதன் சுவை எளிதில் விளங்கும். ஆனால், சனிக்கிழமை ஆட்டத்திற்குச் சென்றவன் அன்றைய கூலியை இழந்தான். அவ்விழப்பை ஈடுசெய்ய வேண்டுமென வடபகுதிக் கழகங்கள் கோரின. செல்வர் செல்வாக்கு மிகுந்த தலைமைச் சங்கமோ, பணம் பெற்று ஆடுவது இழுக்கு என மறுத்தது. செல்வனுக்கு ஆட்டம் பொழுதுபோக்கு. சுரங்கத் தொழிலாளிக்கோ அது ஒருவேளை உணவின் விலை அன்றோ?

1895 ஆகஸ்டு 29 அன்று ஹட்டர்ஸ்பீல்டு நகரத்து ஜார்ஜ் விடுதியில் அக்கழகங்கள் கூடித் தனியே பிரிந்தன. இழந்த கூலிக்கு நாளொன்றுக்கு 6 ஷில்லிங் தரலாம் என வகுத்தன. 1898 இல் ஆட்டத்திற்கே ஊதியம் பெறவும் இசைவு கிடைத்தது. எனினும் ஆட்டக்காரனுக்கு வேறொரு தொழிலும் இருந்தாக வேண்டும் என்ற நிபந்தனை உடன் வந்தது. 1906 இல் அணிக்கு 15 பேர் என்பது 13 ஆகக் குறைந்தது. 'ரக்பி லீக்' என்பதே அவ்வாட்டத்தின் பெயராயிற்று.

இக்கதை நமக்கு அயலானது அன்று. காத்திவாக்கத்தில் நான் ஆசிரியப் பணியாற்றிய நாட்களில், “பந்து சோறு போடுமா, ஐயா?” என்று கேளாத தந்தையர் சிலரே. தொழிற்சாலைச் சங்கொலிக்கேற்ப வாழ்ந்த ஊரில் அது நியாயமான வினாவே. நம் நாடு அதற்கு வேறொரு விடை கண்டது. இரயில்வே, வங்கி, காவல்துறை போன்றவை ஆட்டக்காரர்க்கு உத்தியோகம் அளித்துத் தம் அணிகளில் ஆடச் செய்தன. கால் முறிந்தாலும் சம்பளம் நின்றுவிடாது என்பதே அதன் அருமை.

2014 இல் தொடங்கிய இந்தியன் சூப்பர் லீக் கால்பந்துப் போட்டி மூன்றாம் வழியைப் பரவலாக்கியது. அதுவே ஒப்பந்த ஊதியம். அவ்வழிச் சென்றோருள் ஒருவர், 1994 இல் பிறந்த வியாசர்பாடி தன்பால் கணேஷ். அவ்வூர் அருகே, 1918 இல் சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றக் காரணமாயிருந்த பின்னி ஆலைகள் இயங்கின. அவை 1996 இல் மூடப்பட்டன. ஆலை வேலையை நம்பியிருக்க இயலாத அக்காலத்தில் வளர்ந்த சிறுவர்க்குக் கால்பந்தும் கல்வியும் ஒருங்கே ஊட்டிய பெரியோர் அங்கு இருந்தனர். அவர்தம் பயிற்சியில் மலர்ந்தவர் கணேஷ்.

சென்னையின் எஃப்.சி. அணியின் நடுக்கள வீரராக அவர் ஆடினார். 2018 மார்ச் 13 அன்று நேரு விளையாட்டரங்கில் கோவா அணியை 3-0 என வென்ற அரையிறுதியில் ஒரு கோல் அவருடையது. நான்கு நாள் கழித்து, பெங்களூரில் 3-2 என வென்று அவ்வணி கோப்பையைக் கைப்பற்றியது. அதன்பின் முழங்காற் காயம் அவரை நெடுநாள் களத்திற்கு வெளியே நிறுத்தியது.

மாணவர்களே, சிந்தியுங்கள்! ஒப்பந்தம் சில ஆண்டுகளுக்கே. முழங்காலோ ஆயுள் முழுமைக்கும் உரியது. ஆட்டமும் உழைப்பே, உழைப்புக்கு ஊதியம் உண்டு என்பதை 1895 நிலைநாட்டியது. உழைத்த உடல் சோர்ந்தபின் அதனைத் தாங்குவோர் யார் என்ற வினா இன்னும் எஞ்சி நிற்கிறது. பந்தை விடாதீர்கள், புத்தகத்தையும் விடாதீர்கள். அவ்வினாவுக்கு விடை காண வேண்டியவர்கள் நீங்களே.