விரஜையின் இக்கரையும் அக்கரையும்

கௌஷீதகி உபநிஷத்தின் பர்யங்க வித்யையில் முக்தன் செல்லும் வழி ஒரு நிலக்காட்சியாகவே விரிகிறது. ‘ஆர’ என்னும் ஏரி; அதன்பின் ‘யேஷ்டிஹ’ எனப்படும் முகூர்த்தங்கள். அவை அவனைக் கண்டு ஓடிவிடுகின்றன. அடுத்து ஓர் ஆறு. அதை அவன் மனத்தாலேயே கடக்கிறான். தேரில் செல்பவன் சுழலும் சக்கரங்களை நோக்குவது போல, பகலையும் இரவையும் கீழே காண்கிறான். ஆற்றின் பெயருக்கு விஜரா எனவும் விரஜா எனவும் பாடங்கள் உண்டு. முன்னது மூப்பற்றது, பின்னது ரஜஸ் அற்றது. வைஷ்ணவ வழக்கில் நிலைத்தது பின்னதே.

வினைகள் உதிர்வது எங்கே? ஆற்றைக் கடந்தபின் என்கிறது உபநிஷத்து. சொல் கிடந்த வரிசையையே கொண்டால், உடலை விட்டபின்னும் வினை உடன்வர வேண்டும். ஸாம்பராயாதிகரணத்தில் (3.3.27) ஸ்ரீபாஷ்யகாரர் இதனை மறுக்கிறார். உடல் நீங்கியவனுக்கு ப்ரஹ்மப்ராப்தியன்றி நுகரவேண்டிய பயன் வேறில்லை. ஆகவே வினை நீங்குவது உடலை விடும்போதே. பொருளுக்கேற்ப வரிசை மாறும். வினை தீர்ந்தபின் வழிநடக்க ஸூக்ஷ்மசரீரம் எவ்வாறு நிற்கும் எனில், வித்யையின் மாஹாத்ம்யத்தால் நிற்கும் என்பது விடை.

அவ்வாறாயின் ஆற்றுக்கு என்ன பணி? அந்த ஸூக்ஷ்மசரீரத்தைக் களையுமிடம் விரஜை என்று பிற்கால ஆசார்யர்கள் கொண்டனர். ப்ரக்ருதிமண்டலத்தின் எல்லையும் அதுவே. அக்கரையில் காலமே இல்லை என்று சொல்லிவிடுதல் எளிது. ஆனால் வேதாந்ததேசிகருக்கு அது உடன்பாடன்று. காலம் விபு, ஆதலின் அங்கும் உண்டு, ஆள்வதில்லை. அங்குள்ள பரிணாமங்கள் ஈச்வர ஸங்கல்பத்தால் நிகழ்வன. மரம் பூக்கும்; பருவம் வந்ததால் அன்று.