பூட்டுவதற்கு ஓர் உத்தரவு

1896-ஆம் ஆண்டு செப்டம்பர் முதல் நாள், 16 வயது இளைஞர் ஒருவர் திருவண்ணாமலைக்கு வந்து சேர்ந்தார். கோயிலின் ஆயிரங்கால் மண்டபத்திலும் பின்னர் பாதாள லிங்கத்திலும் வாய் பேசாமல், உணவைத் தேடாமல் அமர்ந்திருந்தார். சிறுவர்கள் கல்லெறிந்தனர். பின்னாளில் ரமண மகரிஷி என்று உலகம் அறிந்தவர் அவரே. அப்போது நடைமுறையில் இருந்த 1858-ஆம் ஆண்டின் 36-ஆவது சட்டமோ, பித்தர் என்று கருதப்பட்டு அலைந்து திரிவோரைப் பிடித்து மாஜிஸ்திரேட்டிடம் அனுப்புவது போலீசாரின் கடமை என்றது. அவரை யாரும் பிடித்துச் செல்லவில்லை. ஆனால் துறவி யார், நோயாளி யார் என்பதை ஒரு காவலர் எப்படி அறிவார்? கிரிவலப் பாதைக்கு அருகே, வேங்கிக்காலில் வாழும் எங்களுக்கு இது பழங்கேள்வியன்று.

அடுத்து வந்த 1912-ஆம் ஆண்டுச் சட்டம் மருத்துவரின் சான்றிதழைக் கட்டாயமாக்கியது. சான்றிதழைப் பார்த்து மாஜிஸ்திரேட் உத்தரவிடுவார். நோயாளி மனநோய் மருத்துவமனையில் அடைக்கப்படுவார். 'அடைக்கப்படுவார்' என்பதைக் கவனியுங்கள். அன்று பயன்தரும் மருந்து ஏதுமில்லை. மின்னதிர்வுச் சிகிச்சை 1938-இலும், குளோர்புரோமசின் என்னும் மருந்து 1952-இலும்தான் வந்தன. அதன் பிறகே, ஒருவரின் விருப்பத்துக்கு மாறாக ஊசி போடலாமா என்ற கேள்வி கூர்மை பெற்றது.

வெளியே வரவும் அச்சட்டத்தில் வழி இருந்தது. மருத்துவர் ஒருவர் உள்ளிட்ட மூன்று பார்வையாளர்கள் எழுத்து மூலம் ஆணையிட்டால் விடுவிக்கலாம். ஆனால் அவர்களிடம் ஒருவருக்காகப் பேச ஆள் இல்லையென்றால்?

அசாமைச் சேர்ந்த மச்சாங் லாலுங் 1951-இல், 23 வயதில், ஒருவரைக் காயப்படுத்தியதாகக் கைதானார். விசாரணை நடக்கவில்லை, தேஜ்பூர் மனநல மருத்துவமனைக்கு அனுப்பப்பட்டார். அவர் நலமாயிருப்பதாக 1967-இல் மருத்துவர்கள் தெரிவித்தனர். வீட்டுக்கு அனுப்பாமல் சிறைக்கு மாற்றினார்கள்! 2005-இல் விடுதலையானபோது 54 ஆண்டுகள் கழிந்திருந்தன. வெப்பமானியில் ஒருமுறை கண்ட அளவை ஆயுள் முழுவதும் நோயாளியின் வெப்பநிலை என்று எழுதி வைப்பதை எந்த மாணவரும் ஏற்கமாட்டார். இங்கே அதுதான் நடந்தது.

2018 மே 29-இல் நடைமுறைக்கு வந்த மனநலப் பராமரிப்புச் சட்டம் இந்த இடத்தில்தான் கை வைத்தது. நடுவர் ஒருவரை மருத்துவமனையில் சேர்க்க ஆணையிடலாம். அதுவும் பரிசோதித்து அறிவதற்காக, அதிகபட்சம் 10 நாட்களுக்கு மட்டுமே. அதற்குப் பின் எல்லோருக்கும் உள்ள விதிகளே பொருந்தும். தமக்கு எத்தகைய சிகிச்சை வேண்டும், எது வேண்டாம் என்று நலமாக இருக்கும்போதே எழுதி வைக்கவும் உரிமையுண்டு. சங்கிலியால் கட்டுவது குற்றம்.

என் பார்வையில், இவற்றினும் முக்கியமானது வேறொரு பிரிவு. தெருவில் அலையும் நோயாளியைக் காவலர் லாக்கப்பில் வைக்கக்கூடாது. 24 மணி நேரத்துக்குள் அரசு மருத்துவமனைக்குக் கொண்டுசெல்ல வேண்டும். காணாமற்போனவராக வழக்குப் பதிந்து அவர் குடும்பத்தைத் தேடவும் வேண்டும். தேடிக் கண்டபின், "எங்களுக்கு வேண்டாம்" என்று குடும்பத்தார் சொல்லிவிட்டால், குணமடைந்தவரும் மருத்துவமனையிலேயே தங்கிவிடுகிறார். அங்கே எந்த உத்தரவும் அவரைப் பூட்டி வைக்கவில்லை.