உஸ்மான் சாலையும் ஹபீபுல்லா சாலையும்

கோபன்ஹேகன் நகரின் நடுவே 1670இல் உருவான பெருஞ்சதுக்கத்திற்கு ‘அரசரின் புதுச் சதுக்கம்’ என்றே பெயர். ஐந்தாம் கிறிஸ்டியான் மன்னர் அங்கே குதிரை மீது சிலையாக வீற்றிருக்கிறார். கோடம்பாக்கத்திலிருந்து வடக்கு உஸ்மான் சாலை வழியே தெற்கு நோக்கி நடந்தால் நாம் அடைவது பனகல் பூங்கா. இதுவும் ஓர் அரசரின் பெயர்தான். ஆயின் பனகல் அரசர், 1921 முதல் 1926 வரை சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக இருந்த நீதிக்கட்சித் தலைவர்.

(கோடம்பாக்கம் என்னும் பெயர், ஆர்க்காட்டு நவாபின் குதிரைத் தோட்டமாகிய ‘கோடா பாக்’ என்பதன் திரிபென்பர். ‘பாக்கம்’ தொன்மையான தமிழ் ஊர்ப்பெயர் ஈறாதலின் இதனை வலியுறுத்தத் துணியேன்.)

1920களில் மாம்பலம் ஏரியின் நிலத்தில் தியாகராய நகர் எழுந்தது. நகரின் நடுவே பூங்கா, சுற்றிலும் சாலைகள். அவற்றிற்கு நீதிக்கட்சிக் காலத்துப் பெருமக்களின் பெயர்கள் இடப்பட்டன. அவர்களுள் முஸ்லிம்களும் உண்டு. இன்று உஸ்மான் சாலை என்றால் நகைக்கடையும் துணிக்கடையும் நினைவுக்கு வருகின்றன. ஹபீபுல்லா சாலை என்றால் நடிகர் சங்கம்.

தஞ்சையைச் சேர்ந்த சர் முகம்மது உஸ்மான் 1934இல் மூன்று மாதம் மாகாணத்தின் தற்காலிக ஆளுநராகப் பணியாற்றினார். பின்னர் சென்னைப் பல்கலைக்கழகத் துணைவேந்தரானார். பதவிகளைவிடப் பெரிதாக நான் மதிப்பது, 1921இல் அவர் தலைமையில் அமைந்த நாட்டு மருத்துவக் குழுவை. யூனானி, ஆயுர்வேதம், சித்தம் ஆகிய மூன்றையும் ஒருங்கே ஆராய்ந்த அக்குழு 1923இல் அறிக்கை அளித்தது. அதன் பயனாக இம்மூன்றையும் கற்பிக்கும் அரசு மருத்துவப் பள்ளி சென்னையில் தோன்றியது. குழுவின் செயலாளர் கேப்டன் சீனிவாசமூர்த்தியே அப்பள்ளியின் முதல்வருமானார். ஹகீமும் வைத்தியரும் ஒரே கூரையின்கீழ் பாடம் சொன்ன காலம் அது.

சைதாப்பேட்டையில் பிறந்த சர் முகம்மது ஹபீபுல்லா வேலூரில் வழக்கறிஞராகத் தொடங்கி, வைசிராயின் நிர்வாகக் குழு உறுப்பினராக உயர்ந்தவர். 1934 முதல் 1936 வரை திருவிதாங்கூர் திவான். 1926இன் இறுதியில் தென்னாப்பிரிக்கா சென்ற இந்தியத் தூதுக்குழுவுக்குத் தலைமை தாங்கினார். இந்தியர்களின் குடியிருப்பையும் வணிகத்தையும் ஒதுக்கப்பட்ட பகுதிகளுக்குள் அடைக்கவிருந்த மசோதா, 1927ஆம் ஆண்டின் கேப்டவுன் உடன்படிக்கையால் கைவிடப்பட்டது. எனினும் இந்தியர்கள் உதவித்தொகை பெற்றுத் தாயகம் திரும்பும் திட்டத்துக்கு இந்தியத் தரப்பும் இசைய வேண்டியிருந்தது. அங்கேயே பிறந்து வளர்ந்த தமிழருக்கு ‘தாயகம்’ எது என்ற கேள்வியை அத்திட்டம் எண்ணிப் பார்க்கவில்லை. அந்த உடன்படிக்கை நடைமுறையாவதைக் கண்காணிக்க, தூதுக்குழுவில் உடன் சென்ற சீனிவாச சாஸ்திரியாரே அவ்வாண்டு இந்திய அரசின் முதல் முகவராக மீண்டும் கப்பலேறினார்.