நியாட் பெர்சாமாவுக்கு ஒரு தமிழ்ச் சொல்

1979இல் நான் ஜூருபாசா, அதாவது நீதிமன்ற மொழிபெயர்ப்பாளர், வேலைக்குச் சேர்ந்தேன். அம்பாங்கிலிருந்து பஸ் பிடித்துக் கோலாலம்பூர் நீதிமன்றத்துக்குப் போவேன். கூண்டில் நிற்கும் தமிழருக்கு அவர்மேல் என்ன குற்றச்சாட்டு என்று தமிழில் சொல்ல வேண்டும். கொலை, கொள்ளை, வெட்டுக்குத்து எல்லாவற்றுக்கும் என்னிடம் சொல் இருந்தது. அப்போது ஆங்கிலத்தில் 'காமன் இன்டென்ஷன்' என்றும், பிற்பாடு மலாயில் 'நியாட் பெர்சாமா' என்றும் படித்தார்களே, அதற்கு மட்டும் வெகுகாலம் சொல் அமையவில்லை.

தண்டனைச் சட்டத்தின் 34ஆம் பிரிவு அது. எல்லாருக்கும் பொதுவான எண்ணத்தை நிறைவேற்றப் பலர் சேர்ந்து ஒரு குற்றம் செய்தால், ஒவ்வொருவரும் தனியாளாக அதைச் செய்ததாகவே சட்டம் எடுத்துக்கொள்ளும். 1860இல் இந்தியாவுக்கு எழுதிய சட்டத்தில் இந்த 'பொது எண்ணம்' கிடையாது. 1870இல்தான் சேர்த்தார்கள். அந்தச் சட்டத்தை ஒட்டி எழுதியது 1872இல் பினாங்கு, மலாக்கா, சிங்கப்பூரில் அமலாகிப் பிறகு மலாய் மாநிலங்களுக்கும் வந்தது. நம் பாட்டன்மார் வந்த அதே கடல்வழியில் வந்த சட்டம்.

"அண்ணே, நான் மோட்டார்லதான் உக்காந்திருந்தேன். கை வைக்கவே இல்ல. எனக்கும் எப்படி அதே கேஸு?"

கீழே லாக்கப்பில் இதே கேள்வியை எத்தனை பையன்கள் என்னிடம் கேட்டிருப்பார்கள்! பதில் 1924லேயே வந்துவிட்டது. கல்கத்தாவில் ஒரு தபால் நிலையத்தில் போஸ்ட்மாஸ்டரைச் சுட்டுக் கொன்ற வழக்கு. நான் வெளி முற்றத்தில்தான் நின்றேன் என்றார் குற்றம் சாட்டப்பட்ட பாரேந்திர குமார் கோஷ். துணைக்கு நிற்பதும் அந்தக் காரியத்தில் ஒரு பங்குதான் என்று லண்டன் பிரிவி கவுன்சில் அவருடைய அப்பீலைத் தள்ளிவிட்டது.

ஆரம்பத்தில் நான் 'ஒரே எண்ணம்' என்று சொல்லிவந்தேன். ஒரு நாள் மூத்த வழக்கறிஞர் ஒருவர் என்னைத் தனியே அழைத்து, "தம்பி, நீங்கள் சொல்லும் சொல்லால் ஒருவன் தூக்குக்குப் போய்விடுவான்" என்றார். மஹ்பூப் ஷா வழக்கின் தீர்ப்பைக் கையில் கொடுத்தார்.

1943 ஆகஸ்டில், பஞ்சாபில், சிந்து நதிக்கரையில் நடந்தது. அல்லா தாதும் சிலரும் படகில் போய் நாணல் வெட்டித் திரும்பினார்கள். எங்கள் நிலத்து நாணலைக் கொடு என்று காசிம் ஷா மறித்தார். கைகலப்பில் அல்லா தாத் மூங்கில் கழியால் அடிக்க, காசிம் ஷா கூச்சலிட்டார். வாலி ஷாவும் மஹ்பூப் ஷாவும் துப்பாக்கியோடு ஓடிவந்தார்கள். வாலி ஷா சுட்டதில் அல்லா தாத் செத்தார். மஹ்பூப் ஷா சுட்டது இன்னொருவருக்குக் காயத்தோடு போயிற்று. வாலி ஷா தலைமறைவாகிவிட, அகப்பட்டவர் பத்தொன்பது வயது மஹ்பூப் ஷா. கொலைக்குத் தூக்கு. லாகூர் உயர் நீதிமன்றமும் அதை உறுதி செய்தது.

1945இல் பிரிவி கவுன்சில் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. எழுதியவர் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்த மாதவன் நாயர். காசிம் ஷாவைக் காப்பாற்ற வேண்டும் என்ற எண்ணம் இருவருக்கும் இருந்திருக்கலாம். அல்லா தாதைக் கொல்ல இருவரும் சேர்ந்து திட்டமிட்டதற்குச் சாட்சியம் எங்கே என்று கேட்டார். ஆளுக்கொரு மனதில் ஒரே மாதிரி எண்ணம் இருப்பது வேறு, அவர்கள் அதைப் பகிர்ந்துகொள்வது வேறு. இதைப் படித்த அன்றிரவு எனக்குத் தூக்கமில்லை. அதுவரை எத்தனை பேருக்கு அந்தத் தவறான சொல்லைச் சொல்லியிருந்தேன்!

அதற்குப் பிறகு 'முன்கூட்டியே பேசி வைத்த எண்ணம்' என்று மாற்றினேன். அதுவும் நிலைக்கவில்லை. 1987இல் நமசியியம் என்ற பெயரில் பதிவான வழக்கில் நம் நாட்டு உச்ச நீதிமன்றம், திட்டத்துக்கு நேரடிச் சாட்சியம் எல்லா வழக்கிலும் தேவையில்லை, பொது எண்ணம் அந்த இடத்திலேயே, அந்த நேரத்திலேயே கூட உருவாகலாம் என்றது. யாரும் மனதைத் திறந்து பார்க்க முடியாது. எப்படி வந்தார்கள், கையில் என்ன இருந்தது, எப்படிக் கலைந்தார்கள் என்பதிலிருந்துதான் நீதிமன்றம் ஊகிக்கிறது. அந்த ஊகம் வேறு எந்த முடிவுக்கும் இடம் தராததாக இருக்க வேண்டும். அப்பீலில் வாதம் பெரும்பாலும் இந்த ஒரு புள்ளியில்தான் நடக்கும்.

நான் ஓய்வு பெற்ற பிறகு வந்தது அழகுசாதனத் தொழிலதிபர் சோசிலாவதி கொலை வழக்கு. 2010 ஆகஸ்ட் 30இல் அவரும் இன்னும் மூவரும் பந்திங் பக்கம் தஞ்சோங் செப்பாட் பண்ணையில் கொலையுண்டார்கள். உடல்களை எரித்துச் சாம்பலை ஆற்றில் கொட்டியதாக வழக்கு. கொலையைக் கண்ணால் கண்ட சாட்சி இல்லை. சந்தர்ப்ப சாட்சியங்களை வைத்து, கொலைக்கான 302ஆம் பிரிவையும் 34ஐயும் சேர்த்துக் குற்றம் சாட்டப்பட்ட நால்வரும் குற்றவாளிகள் என்று 2013இல் ஷா ஆலாம் உயர் நீதிமன்றம் சொன்னது. 2017 மார்ச்சில் கூட்டரசு நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. நால்வருமே தமிழர். பேப்பரைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன்.

அந்நாளில் கொலைக்குக் கட்டாயத் தூக்கு. 34 சேர்ந்தால் குத்தியவனுக்கும் வாசலில் நின்றவனுக்கும் தண்டனை ஒன்றே. யார் எவ்வளவு செய்தார் என்று எடைபோட நீதிபதிக்கு வழி கிடையாது. 2023 ஜூலை 4 முதல் அந்தக் கட்டாயம் போயிற்று. தூக்குக்குப் பதில் 30 முதல் 40 ஆண்டு சிறையும் 12க்குக் குறையாத ரோத்தான் (பிரம்பு) அடியும் விதிக்கலாம். மோட்டாரில் உட்கார்ந்திருந்தவனுக்காக வழக்கறிஞர் தண்டனை பற்றி வாதாட இப்போதுதான் இடம் பிறந்திருக்கிறது.

கடைசியில் நான் பிடித்துக்கொண்ட சொல், 'எல்லாரும் சேர்ந்து ஏற்றுக்கொண்ட எண்ணம்'. நீளம்தான், ஆனால் பையன்களுக்குப் புரிந்தது. இன்று இந்த வேலையில் இருக்கும் தம்பி தங்கைகளே, 34ஐப் படிக்கும்போது அவசரப்படாதீர்கள். கூண்டில் நிற்பவன் தலையாட்டினால் போதும் என்று விட்டுவிடாதீர்கள். அவனுக்குப் புரியவில்லை என்று தோன்றினால் நீதிபதியிடம் சொல்லுங்கள், மறுபடி வாசிக்க அனுமதி கேளுங்கள்.