முல்லைப்பாட்டின் எழுவாய்

தொடரமைப்பும் பொருட்போக்கும் பிணைந்தவை என்பதைத் தொல்காப்பியரே உணர்ந்திருந்தார். பொருள்கோள் நான்கு வகுத்ததோடு, 'மாட்டு' என்னும் செய்யுளுறுப்பால் அகன்று கிடக்கும் சொற்களை இயைக்கவும் இடந்தந்தார். நன்னூலார் பொருள்கோளை எட்டு என்றார்.

அவ்விடத்தை எல்லைவரை கொண்டுசென்றவர் நச்சினார்க்கினியர். 103 அடிகளே உடைய முல்லைப்பாட்டில் ஆங்காங்குள்ள அடிகளைப் பெயர்த்துக் கூட்டினார். அருஞ்சொற்களுக்கு அவர் உரையே பெருந்துணை, அது வேறு. 1903இல் மறைமலையடிகள் இம்முறையை மறுத்துப் பாட்டுக் கிடந்தவாறே பொருள் கண்டார்.

அதுவே ஏற்புடைத்து. தலைவி கண்ணீர் உகுக்கிறாள். பாட்டோ பாசறைக்குச் சென்றுவிடுகிறது. மீளும்போது அவள் எழுநிலை மாடத்தில் மழைநீர் விழும் ஓசையைக் கேட்டுக் கிடக்கிறாள். அங்கே 'ஆலின' என்னும் வினை வருகிறது. ஆலித்தவை எவை? பத்தடிக்கும் மேல் கடந்து, பாட்டின் கடைசிச் சொல்லாகவே எழுவாய் வருகிறது: தலைவனின் தேர்க்குதிரைகள். எழுவாயை முன்னே வைத்து உரைநடையாக்கினால், தலைவியோடு காத்திருக்கும் வாய்ப்பு மாணவனுக்கு இல்லை.