மூன்று படங்களில் ஒரு மனிதர்

1967-ஆம் ஆண்டு. அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில், ஈவன்ஸ் சிட்டி அருகே ஒரு பழைய பண்ணை வீடு. பிட்ஸ்பர்க்கில் விளம்பரப் படங்கள் எடுத்துவந்த ஒரு குழு, கைக்காசைப் போட்டு அங்கே பேய்ப்படம் எடுக்க இறங்கியது. இயக்குநர் ஜார்ஜ் ரொமேரோ. மொத்தச் செலவு சுமார் 1,14,000 டாலர். நாயகன் பென் வேடத்துக்குத் தேர்வானவர் டுவேன் ஜோன்ஸ் என்ற கறுப்பின நடிகர்.

கதையில் பென் ஒரு லாரி ஓட்டுநர்; முரட்டுத்தனமாகப் பேசுபவன். படித்தவரான ஜோன்ஸ் அந்த வசனங்களைத் தன் நாவுக்கு ஏற்ப மாற்றிக்கொண்டார். நிதானமும் அறிவும் கொண்ட தலைவனாகப் பென் உருமாறினான். அவனுடைய நிறத்தைப் பற்றி அந்தப் படத்தில் யாரும் ஒரு சொல் பேசுவதில்லை. இரவெல்லாம் உயிர்த்தெழுந்த பிணங்களோடு போராடிப் பிழைத்தவனை, விடிந்ததும் காப்பாற்ற வந்த கும்பலே சுட்டுக் கொல்கிறது. கறுப்பினத் தலைவர் மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்ட 1968-இல்தான் படம் வெளியானது. அந்த முடிவு மக்கள் மனத்தில் எப்படித் தைத்திருக்கும் என்று சொல்லவேண்டியதில்லை.

'நைட் ஆஃப் த லிவிங் டெட்' என்ற அந்தப் படம் உலகெங்கும் ஓடியது. ஆனால், தலைப்பை மாற்றியபோது பதிப்புரிமை அறிவிப்பு விடுபட்டுப்போனதால், யார் வேண்டுமானாலும் அதைத் திரையிட்டுச் சம்பாதிக்கலாம் என்றானது. எடுத்தவர்களுக்கே உரிய பலன் கிட்டவில்லை.

1973-இல் பில் கன் இயக்கிய 'கஞ்சா அண்ட் ஹெஸ்' படத்தில் ரத்தத் தாகத்தால் தவிக்கும் மானுடவியல் அறிஞராக ஜோன்ஸ் நடித்தார். கான் திரைப்பட விழாவின் விமர்சகர் வாரத்தில் அது திரையிடப்பட்டது. விலைபோகும் ரத்தக்காட்டேரிப் படத்தை எதிர்பார்த்த தயாரிப்பாளர்கள் அதை விற்றுவிட, வாங்கியவர்கள் வெட்டிச் சிதைத்து வேறு பெயரில் வெளியிட்டார்கள். இயக்குநர் எடுத்த வடிவம் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் இருந்த பிரதியால் பிழைத்தது.

1982-இல் காத்லீன் காலின்ஸின் 'லூசிங் கிரவுண்ட்'. அதில் ஜோன்ஸ் ஒரு நடிகராகவே வருகிறார். இயக்குநர் உயிரோடிருந்தவரை அந்தப் படத்துக்குத் திரையரங்க வெளியீடு வாய்க்கவில்லை. 2015-இல்தான் அது நடந்தது.

ஜோன்ஸ் இதற்காகச் சோர்ந்து உட்காரவில்லை. கல்லூரியில் பாடம் நடத்தினார், நாடகங்கள் இயக்கினார், கறுப்பின நாடகக் குழுக்களை வளர்த்தார். பென் என்ற ஒரே வேடத்தால் தன்னை அளப்பதை அவர் விரும்பவில்லை. 1988-இல் மறைந்தார்.

ஒரு நடிகரின் தகுதி வேறு, அவர் படங்களுக்கு நேர்ந்த கதி வேறு. விநியோகம் கைவிட்டதை வைத்து நடிகரை எடைபோடுவது பெரும் அநீதி. ஜோன்ஸை அறிய விரும்புவோர் இந்த மூன்று படங்களையும் வரிசையாகப் பார்க்கவேண்டும். வெறும் பேய்ப்பட நாயகனாக அவரை நினைக்க அதன்பின் யாருக்கும் மனம் வராது.

அவரை வைத்துப் படமெடுத்த காத்லீன் காலின்ஸின் கதை இன்னும் கனமானது. அடுத்த வாரம் அதைப் பார்ப்போம்.

(தொடரும்)