மௌனப் படத்தில் டி.பி. கைலாசம்

நவீனக் கன்னட நாடகத்தின் முன்னோடியான டி.பி. கைலாசம் (1884–1946) மௌனப் படத்தில் துணை நடிகராகவும் பங்கேற்றவர். மைசூர் அரசின் நீதிபதி பரமசிவ ஐயரின் மகனான இவர் தமிழ்க் குடும்பத்தினர். சென்னை மாநிலக் கல்லூரியிலும் இலண்டனிலும் நிலவியல் பயின்றவர்.

சூத்திரகரின் ‘மிருச்சகடிகம்’ என்னும் வடமொழி நாடகத்தைத் தழுவி, 1930-ஐ ஒட்டிய ஆண்டுகளில் மோகன் பவ்னானி இயக்கிய ‘வசந்தசேனா’வே அப்படம். ஏணாட்சி ராமராவ், கமலாதேவி சட்டோபாத்யாய் ஆகியோருடன் கைலாசம் நடித்தார். தலைமைப் பாத்திரம் அவருடையதன்று. நாடகக் கம்பெனி நடிகர்களை விடுத்துக் கற்றறிந்த பயில்முறைக் கலைஞர்களை நாடியமை இப்படத்தின் தனித்தன்மை எனலாம்.

கைலாசத்தின் பேராற்றல் உரையாடலே. பெங்களூர், மைசூர் நடுத்தரக் குடும்பங்களில் வழங்கிய ஆங்கிலம் விரவிய கன்னடத்தை ‘டொள்ளு கட்டி’ முதலிய நாடகங்களில் மேடையேற்றியவர் அவர். மௌனத்திரை வேண்டியதோ உடலசைவும் முகக்குறிப்புமே. கன்னடத்தின் முதல் பேசும்படமான ‘சதி சுலோசனா’ வெளிவந்தது 1934-இல்தான். அவர்தம் மொழித்திறன் நாடக நூல்களிலேயே நிலைபெற்றது. 1945-இல் சென்னையில் நடைபெற்ற கன்னட சாகித்திய சம்மேளனத்திற்கு அவர் தலைமை வகித்தார்.

தென்னிந்திய மௌனப் படங்களுள் பெரும்பாலானவை அழிந்தன. எனவே துணை நடிகர் வரலாற்றுக்கு நடிகர் பெயர்ப்பட்டியல்களே முதற்சான்றாகின்றன. கைலாசத்தின் பெயர், மொழி எல்லைகளைக் கடந்த பெங்களூர்க் கலைவாழ்வுக்குச் சான்றாகிறது.